ஈ டிரைவில் இருந்தது

என் மாமனார் எலியேசர் வீட்டுக்குள் வந்ததும் முதலில் முறைத்தது என்னை அல்ல, என் கம்ப்யூட்டரை. ரயில்வேயில் முப்பத்தைந்து வருடம் சிக்னல் பார்த்தவர். எதை நிறுத்தினால் எது ஓடும் என்று அவருக்குத் தெரியும்.

"மாப்ள, அத எடுத்துடுங்க," என்றார்.

"கம்ப்யூட்டரையா மாமா?"

"கம்ப்யூட்டர் என்ன பாவம் பண்ணிச்சு? உள்ள இருக்கற கேம்ஸ. ஒண்ணுகூட இருக்கக் கூடாது. எடுத்துட்டேன்னு எனக்கு ஒரு போன் போடுங்க. ஞாயித்துக்கிழம ஆராதனை முடிஞ்சதும் ஜென்சிய நானே கூட்டிட்டு வரேன்."

"அவ சொல்லி அனுப்பினாளா?"

"அவ எங்க சொன்னா? 'அவர் வேற எத வேணா செய்வாருப்பா, அத மட்டும் ஒரேயடியா அழிக்க மாட்டாரு'ன்னு சொல்லிட்டு உக்காந்திருக்கா. எம் பொண்ணு சொன்னது தப்புன்னு காட்டுங்க. எனக்கு அது போதும்."

நான் போட்ட காப்பியைப் பாதியோடு வைத்துவிட்டு மாடம்பாக்கத்துக்குப் பஸ் ஏறப் போய்விட்டார். காப்பி அவ்வளவு மோசமில்லை. என் கையால் குடிப்பதில் அவருக்கு அவ்வளவுதான் இஷ்டம்.

ஜென்சி அப்பா வீட்டுக்குப் போய் ஏழு வாரம் ஆகியிருந்தது. காரணத்தை நானே சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் ஊர் சொல்லும். அவளுக்கு டெங்கு. உள்ளறையிலிருந்து தண்ணீர் கேட்டு மூன்று முறை கூப்பிட்டிருக்கிறாள். நான் காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு முன்பின் தெரியாத நான்கு பேரோடு சேர்ந்து ஒரு பாலத்தைக் காப்பாற்றிக்கொண்டிருந்தேன். அவள் எழுந்து, சுவரைப் பிடித்துக்கொண்டே வாசல் வரை போய், ஆட்டோ பிடித்து ஆஸ்பத்திரியில் சேர்ந்துவிட்டாள். வீட்டில் ஆள் இல்லை என்பதே எனக்கு ஒரு மணி நேரம் கழித்துத்தான் தெரிந்தது. பாலத்தைக் காப்பாற்றிவிட்டோம். நான் அசரியா, வயது நாற்பத்தொன்று, பல்லாவரத்தில் ஒரு தோல் கம்பெனியில் ஸ்டோர்ஸ் இன்சார்ஜ். இப்படி ஒருவனை நீங்கள் பார்த்திருந்தால் செருப்பைக் கழற்றியிருப்பீர்கள். ஜென்சி அதைக்கூடச் செய்யவில்லை, ஆஸ்பத்திரியிலிருந்து நேராக அப்பா வீட்டுக்குப் போய்விட்டாள்.

நான் பிறக்கும்போதே இப்படிப் பிறக்கவில்லை. ஐந்து வருடத்துக்கு முன்பு எங்களுக்கு ஒரு பெண் குழந்தை இருந்தது. தபித்தா. இதயத்தில் கோளாறோடு பிறந்து, ஏழு மாதமும் பதினொரு நாளும் இருந்தாள். அடக்கம் முடிந்த மூன்றாம் வாரம், நான் பெருங்களத்தூர் சிக்னலில் நிற்கும்போது, 'போன மாதம் இதே நாள்' என்று என் போன் தானாகவே அவள் படத்தைக் காட்டியது. யார் கேட்டார்கள் அந்தப் போனை? பைக்கை ஓரங்கட்டி நிறுத்தி, அவள் படம், வீடியோ எல்லாவற்றையும் அழித்தேன். குப்பைத்தொட்டி என்று ஒன்று இருக்கிறதே, அதையும் விடாமல் காலி செய்தேன். ஆத்திரக்காரனுக்குப் புத்தி மட்டு.

வீட்டுக்கு வந்தால், ஜென்சியின் போனிலும் எல்லாம் போயிருந்தது. நம் ஊரில் மனைவிக்குப் புதுப் போன் வாங்கினால் புருஷன் தன்னுடைய மெயில் ஐடியைத்தானே போட்டுக் கொடுப்பான்? எல்லாம் ஒரே இடத்தில் இருக்கட்டும் என்று ஒரு பெருமை. இரண்டு போனுக்கும் ஒரே கணக்கு. நான் சிக்னலில் அழித்தபோது அவள் கையிலிருந்த போனில் பிள்ளையின் படங்கள் ஒவ்வொன்றாக மறைந்திருக்கின்றன. அவள் என்னோடு நான்கு நாள் பேசவில்லை. பிறகு பேசினாள், ஆனால் அதைப்பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. அன்றோடு எல்லாம் போயிற்று என்றுதான் நான் நினைத்திருந்தேன்.

அதற்குப் பிறகுதான் கேம். எங்கள் கம்ப்யூட்டரில் சி டிரைவ் விண்டோஸுக்கு, டி டிரைவ் ஜென்சிக்கு. சேலையூரில் ஒரு பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர் அவள். கேள்வித்தாளெல்லாம் அதில் இருக்கும். ஈ டிரைவ் எனக்கு. அழத் தெரியாத ஆண்பிள்ளைக்கு ஒதுங்க ஓர் இடம் வேண்டியிருந்தது, எனக்கு அது ஈ டிரைவாக அமைந்தது. அங்கே யாரும் என்னிடம் 'மனசைத் தேத்திக்கோ' என்று சொல்லவில்லை. செத்தவர்கள் பத்து விநாடியில் எழுந்து வந்தார்கள்.

மாமனார் போனதும் முடிவு செய்தேன். எடுப்பது என்றால் சும்மா எடுப்பது இல்லை. போன புதுவருட ஆராதனைக்கு முன்பு ஒருமுறை எடுத்தேன். அழித்ததைத் திரும்ப எடுக்க ஒரு சாப்ட்வேர் இருக்கிறது, இரண்டே நாளில் பதினான்கு கேமும் பழையபடி வந்து உட்கார்ந்துவிட்டன. ஈஸ்டருக்கு ஒருமுறை எடுத்தேன், திங்கட்கிழமையே உயிர்த்தெழுந்துவிட்டன. என்னை எனக்குத் தெரியும். ஆகவே சனிக்கிழமை காலை, கம்ப்யூட்டர் கேபினெட்டை பைக் டேங்க்மேல் நிறுத்திவைத்துக்கொண்டு கேம்ப் ரோடு முதாசிர் கடைக்குப் போனேன்.

முதாசிர் பத்து வருடமாக அங்கே கம்ப்யூட்டர் ரிப்பேர் பார்க்கிறவர். இரண்டு பெண்களுக்குத் தகப்பன். விஷயத்தைச் சொன்னேன்.

"சும்மா டெலிட் அடிச்சா போவாதுண்ணா," என்றார். "பேரு மட்டும்தான் போவும், சரக்கு உள்ளயேதான் கீது. அதான் உனக்குத் திரும்பத் திரும்ப வருது. டிரைவ் ஃபுல்லா ஜீரோ எழுதிட்டா, அப்பால எவன் வந்தாலும் ஒண்ணியும் எடுக்க முடியாது."

"அதுதான் வேணும்."

"யோசிச்சுக்கினு சொல்லு. உள்ள போட்டோ கீட்டோ எதுனா கீதா?"

"ஈ டிரைவ்ல என் பாவம் மட்டும்தான் இருக்கு முதாசிர். அழிங்க."

அவர் அப்படியும் விடவில்லை. ஒவ்வொரு ஃபோல்டராகத் திறந்து காட்டினார். தொழில்காரர், என்னைப்போல அவசரக்காரர் இல்லை. நான் அதிகம் விளையாடுகிற அந்தப் பாலத்துக் கேமின் ஃபோல்டருக்குள் போனதும் நிறுத்தினார்.

"இது இன்னாண்ணா, ஓல்டு மேப்ஸ்னு? பதினோரு ஜிபி கீது. தொறக்கட்டா?"

"பழைய மேப்பா இருக்கும். அத வேற பாத்தேன்னா மறுபடி விளையாடணும்னு தோணும். போகட்டும்."

"ஷ்யூரா?"

"ஷ்யூர்."

அவர் பட்டனை என்னையே அழுத்தச் சொன்னார். அழுத்தினேன். நாலரை மணி நேரம் ஆயிற்று. திரையில் பச்சைக் கோடு எறும்பு போல ஊர்ந்துகொண்டிருந்தது. நடுவில் போய் பிரியாணி சாப்பிட்டுவிட்டு வந்து மறுபடி அந்தக் கோட்டையே பார்த்துக்கொண்டிருந்தேன். எனக்கு அவ்வளவு சந்தோஷமாக இருந்தது, ஐந்து வருடத்தில் அப்படி ஒரு சந்தோஷம் இருந்ததில்லை. அங்கே உட்கார்ந்தபடியே போனில் கேம் கம்பெனிக்கும் எழுதிப் போட்டேன்: என் கணக்கை அடியோடு மூடிவிடுங்கள், என் லெவல், என் துப்பாக்கி, ஒன்றும் எனக்கு வேண்டாம். பிறகு மாமனாருக்கு போன் செய்தேன். அவர் "ஸ்தோத்திரம்" என்று மட்டும் சொன்னார்.

ஞாயிற்றுக்கிழமை பதினோரு மணிக்கு ஜென்சி வந்தாள். மாமனார் வாசலிலேயே, "நான் சாயங்காலம் வரேன்" என்று நாசூக்காகக் கழன்றுகொண்டார். அவள் இளைத்திருந்தாள். நேராகச் சமையலறைக்குப் போய் மூடியைத் திறந்து பார்த்தாள்.

"மீன் குழம்புல புளி கம்மி," என்றாள்.

ஏழு வாரத்துக்குப் பிறகு என் மனைவி என்னைக் குறை சொன்னாள். எனக்கு அழுகை வந்துவிட்டது.

"ஜென்சி, வா. ஒண்ணு காட்டணும்," என்று கம்ப்யூட்டருக்கு முன்னால் உட்காரவைத்தேன். டெஸ்க்டாப்பில் கேம் படம் ஒன்றுகூட இல்லை. அவள் என்னைத் திரும்பிப் பார்த்தாள்.

"நிஜமாவே எடுத்துட்டீங்களா?"

"வேரோட."

அவள் கை என் கைமேல் வந்து உட்கார்ந்தது. அது இரண்டு விநாடி இருந்திருக்கும். பிறகு மெதுவாக அதை எடுத்துக்கொண்டாள்.

"ஈ டிரைவத் தொறங்க."

திறந்தேன். வெறும் வெள்ளை.

"எங்க?"

"என்ன எங்க?"

"ஓல்டு மேப்ஸ்."

என் கேம் ஒன்றின் பெயர்கூட ஜென்சிக்குத் தெரியாது. அந்த ஃபோல்டரின் பெயர் மட்டும் எப்படித் தெரியும்?

"தபித்தா அதுலதான் இருந்தா," என்றாள்.

அவள் கத்தவில்லை. கத்தியிருந்தால் நானும் ஏதாவது கத்தியிருப்பேன். போனில் இடமில்லை என்று, பிள்ளை இருந்த காலத்திலேயே எல்லா வீடியோவையும் கம்ப்யூட்டரில் ஒரு பிரதி எடுத்து வைத்திருக்கிறாள். நான் சிக்னலில் அழித்துவிட்டு வந்தேனே, அதற்குப் பிறகு நான் கேமில் விழுந்ததுமே அதைக் கொண்டுபோய் என் கேமுக்குள் ஒளித்துவிட்டாள். நான் வந்து உட்காரும் இடத்துக்கு அடியிலேயே ஐந்து வருடமாகப் பிள்ளை இருந்திருக்கிறாள்.

"டி டிரைவ்ல வெச்சா என்னைக்காவது உங்க கண்ணுல படும், அதையும் அழிச்சுடுவீங்க. பென் டிரைவ் தொலஞ்சுபோகும். இந்த வீட்ல நீங்க அழிச்சாலும் திரும்பக் கொண்டுவந்துடற ஒரே எடம் அதுதான்," என்றாள். "வியாழக்கிழம உங்களுக்கு ஸ்டாக் எடுக்கற நாள், லேட்டா வருவீங்க. வியாழக்கிழமைக்கு வியாழக்கிழம நான் அவளப் பார்ப்பேன்."

"போறப்ப எடுத்துட்டுப் போயிருக்கலாமே ஜென்சி..."

"ஜுரத்தோட போனேன். அப்புறம் நினைச்சேன், அங்கயே இருக்கட்டும், அங்க இருந்தாத்தான் பத்திரம்னு."

குழம்பை அப்படியே விட்டுவிட்டு கேபினெட்டைத் தூக்கினேன். அதை மடியில் வைத்துக்கொண்டு அவள் பின்னால் உட்கார்ந்தாள். முதாசிருக்கு வெள்ளிக்கிழமை மதியம்தான் விடுமுறை, கடை திறந்திருந்தது. நான் சொல்லச் சொல்ல அவர் முகம் மாறிற்று. ஒன்றும் இருக்காது என்று அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். ஆனாலும் ஜென்சிக்காக இரண்டு மணி நேரம் தேடினார். மூன்று சாப்ட்வேர் போட்டுப் பார்த்தார்.

"ஒண்ணுமே இல்லக்கா. எல்லாம் ஜீரோதான்," என்றார். "நான் தொறந்து பாத்திருக்கணும். மன்னிச்சிடுங்கக்கா."

"நீங்கதான் கேட்டீங்களே அண்ணா. உங்க மேல தப்பில்ல," என்றாள் ஜென்சி. தப்பு யார் மேல் என்று அவள் சொல்லவில்லை.

வெளியே வந்து நின்றோம். எதிரே பஸ் ஹாரன் அடித்துக்கொண்டிருந்தது. இனி இருப்பது மாமனார் வீட்டு ஹாலில் மாட்டியிருக்கும் ஞானஸ்நானப் படம் ஒன்றுதான். அதில் தண்ணீர் தெளிக்கிற போதகர் கை பிள்ளையின் பாதி முகத்தை மறைத்திருக்கும்.

"சிரிச்சு முடிக்கறப்ப அவளுக்கு ஒரு விக்கல் வருமே," என்றாள் ஜென்சி. "உங்களுக்கு ஞாபகம் இருக்கா?"

"இருக்கு."

எனக்கு ஞாபகம் இல்லை. அதை மறப்பதற்குத்தானே ஐந்து வருடம் அத்தனை பேரைச் சுட்டேன். என் முகத்தைப் பார்த்தே அவளுக்கு அது தெரிந்துவிட்டது.

"உங்கள நம்பி நான் கொடுத்து வெச்சது அது ஒண்ணுதான்," என்றாள். "நீங்க திருந்த மாட்டீங்கன்னு நம்பி."

ஷேர் ஆட்டோ ஒன்று வந்தது. மாடம்பாக்கம் போகுமா என்று கேட்டு ஏறிக்கொண்டாள். நான் கூப்பிடவில்லை. என்ன சொல்லிக் கூப்பிடுவது? இனிமேல் விளையாட மாட்டேன் என்றா?

அன்று சாயங்காலம் மாமனார் வரவில்லை. அடுத்த ஞாயிற்றுக்கிழமையும் வரவில்லை. போன் செய்தால் எடுத்து, "அவளக் கொஞ்சம் விடுங்க மாப்ள" என்று வைத்துவிடுகிறார். வேலைக்குப் போகிறேன், வருகிறேன். கம்ப்யூட்டரைப் போட்டு ஈ டிரைவைத் திறந்து அந்த வெள்ளையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். விக்கல் எப்படி வரும் என்று யோசித்துப் பார்க்கிறேன். ஏதோ ஒரு குழந்தை சிரிக்கிறது, அது தபித்தாதானா என்று எனக்கு நிச்சயமில்லை.

நேற்று கேம் கம்பெனியிலிருந்து மெயில் வந்தது. என் வேண்டுகோள் கிடைத்ததாம். என் முடிவில் அவர்களுக்கு வருத்தமாம். ஆனால் மனிதர்கள் சில சமயம் அவசரத்தில் முடிவெடுத்துவிடுகிறார்கள் என்பது அவர்களுக்குத் தெரியுமாம். ஆகவே முப்பது நாள் எதையும் அழிக்காமல் வைத்திருப்பார்களாம். என் லெவல், என் துப்பாக்கிகள், நான் காப்பாற்றிய பாலம் எல்லாம் விட்ட இடத்தில் அப்படியே பத்திரமாக இருக்கின்றனவாம்.