பட்டி போடாத வாசல்

பத்மாவதிக்கு நடுக்கவாதம் வந்த நான்காம் வருடம், வாசல்களைக் கடப்பதே பெரும்பாடாகிவிட்டது. வெள்ளவத்தையில் அவர்கள் இருந்த பழைய பிளாட்டில் ஒவ்வொரு அறை வாசலிலும் தரை அரை அங்குலம் ஏறி இறங்கும். அங்கே வந்ததும் அவளுடைய கால்கள் நிலத்தோடு ஒட்டிக்கொள்ளும். கணவர் இராஜநாயகம் வந்து கையைப் பிடித்தால்தான் அடுத்த அடி. மாசி மாதத்தில் ஒரு நாள், குளியலறைக்குப் போகும் வழியில் அப்படியே நின்று உடுப்பை நனைத்துவிட்டாள். அன்று முழுவதும் அவள் அவர் முகத்தைப் பார்க்கவில்லை.

அதற்குப் பிறகுதான் அவர் லாமினேட் பலகைத் தரை போடத் தீர்மானித்தார். படுக்கையறையிலிருந்து ஹால் வழியாகப் பல்கனி வரை ஒரே தரை.

வேலைக்கு வந்த அழகுமுத்து ஹெந்தளைக்காரர், பதினைந்து வருடமாக இதே தொழில். வாசல் மேடுகளை உடைத்துச் சீமெந்து பூசி மட்டம் பார்த்த பிறகு சொன்னார்:

"ஐயா, ரெண்டு வாசல்லயும் பலகைய வெட்டி, கொஞ்சம் எடம் விட்டு, மேல அலுமினியப் பட்டி போட்டு மூடணும். கடக்கரைப் பக்கம், ஈரத்துக்குப் பலகை ஊதும். நகர எடமில்லாட்டி வாசல்ல கெளம்பிரும்."

"பட்டி எவ்வளவு உயரம் வரும்?"

"கால் அங்குலம்கூட வராது."

"அவவுக்கு அது மலை, தம்பி. வெட்டாமப் போடும்."

"படுக்கையறை அலுமாரி வேற மேல ஒக்காந்து பலகைய நகர விடாது ஐயா..."

"நான் முப்பது வருஷம் நில அளவையில படம் கீறினவன். எனக்குக் கணக்குத் தெரியும்."

அழகுமுத்து வெட்டாமலே போட்டார். சுவரோரம் வழமையை விடக் கூடுதலாக இடம் விட்டு மூன்று நாளில் முடித்துக்கொடுத்தார்.

மறுநாள் காலை பத்மாவதி கட்டிலிலிருந்து எழும்பி, சுவரைத் தொட்டபடி, எங்கேயும் நிற்காமல் பல்கனிக்குப் போய்ச் சேர்ந்தாள்.

"இஞ்சேருங்கோ, நான் வந்திட்டன்!"

பாதி சவரத்தோடு ஓடிவந்தவர், அவள் கம்பியைப் பிடித்துக்கொண்டு கடலைப் பார்த்து நிற்பதைக் கண்டார். இரண்டு மாதம் அவள் ஒவ்வொரு நாளும் அப்படி நடந்தாள்.

வைகாசியில் மழை பிடித்தது. ஒரு கிழமையாக வெயிலே இல்லை. செவ்வாய்க்கிழமை காலை, படுக்கையறை வாசலில் பலகை கிளம்பியிருப்பதை இராஜநாயகம் வெறுங்காலால் உணர்ந்தார். மிதித்தால் அமுங்கியது. காலை எடுத்தால் மெல்ல எழும்பியது. உடனே அழகுமுத்துவுக்கு டெலிபோன் எடுத்தார்.

"சனிக்கெழம வாறேன் ஐயா. அதுவரைக்கும் அம்மாவ அந்தப் பக்கம் விட்றாதீங்க."

அவர் அதை அவளிடம் சொல்லவில்லை. 'நடவாதே' என்று எந்த வாயால் சொல்வது? நாலு நாள்தானே, பக்கத்திலேயே நிற்போம் என்று நினைத்தார். இரண்டு நாள் நிற்கவும் செய்தார்.

வியாழன் காலை, அவள் நித்திரையாக இருக்கும்போது, பாண் வாங்கக் கீழே பேக்கரிக்கு இறங்கினார். பத்து நிமிடம் இருக்கும். திரும்பி வந்து கதவைத் திறந்தால், அவள் வாசலுக்குக் குறுக்கே கிடந்தாள்.

"என்ர பிழையப்பா. காலைத் தூக்கி வைக்கேல்ல. ஏசாதேங்கோ."

இடுப்பெலும்பு முறிந்திருந்தது. சத்திரசிகிச்சை செய்தார்கள். இனி நடப்பது கஷ்டம் என்று டொக்டர் அவரைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னார். வீட்டுக்கு வந்த பிறகு, பார்க்க வருகிற எல்லோரிடமும் பத்மாவதி பிழை தன்னுடையது என்றே சொன்னாள். "இவர் எவ்வளவு பாடுபட்டு எனக்காகத் தரை போட்டவர். நான்தான் பாத்து நடக்கேல்ல." அவர்கள் இராஜநாயகத்தைப் பரிதாபமாகப் பார்த்தார்கள். அவரால் அந்த இடத்தில் நிற்கமுடியவில்லை.

ஆனி முடியும்போது, ஒரு மத்தியானம், முதுகைத் துடைத்துவிட்டுக்கொண்டிருந்த அவரிடம் அவள் மறுபடியும் சொன்னாள்: "உங்களுக்குத்தான் கரைச்சல் தாறன். ஒருக்கால் குனிஞ்சு பாத்திருந்தா..."

"பத்மா, பலகை கிளம்பினது எனக்குத் தெரியும்."



"எப்ப?"

"செவ்வாய்க்கிழமை."

அவள் மனதுக்குள் நாட்களை எண்ணுவது அவருக்குத் தெரிந்தது. அவர் காத்திருந்தார். ஏசினால் போதும் என்றிருந்தது. பத்மாவதி ஏசவில்லை, அழவுமில்லை. அவர் கையை முதுகிலிருந்து தள்ளினாள்.

அதற்குப் பிறகு அவள் அவருடன் கதைக்கவில்லை. ஊட்டினால் சாப்பிட்டாள். புரட்டினால் புரண்டாள். யாராவது வந்து எப்படி விழுந்தாய் என்று கேட்டால், கண்ணை மூடிக்கொண்டாள்.