சால் தப்பின காய்ச்சல்

கெங்கம்மாளுக்கு இங்கிலீஷ் தெரியாது. ஆனால் டாக்டர் பக்தவத்சலம் கட்டிலருகே நின்று நர்ஸிடம் சொன்ன ஒரு சொல்லை மட்டும் கெட்டியாகப் பிடித்துக்கொண்டாள். டெலிரியம். சொன்னவர் அவர் பாட்டுக்கு அடுத்த வார்டுக்குப் போய்விட்டார். குண்டைப் போட்டவர் நின்று பார்ப்பாரா என்ன?

கட்டிலில் கிடந்தது அவள் புருஷன் செங்கல்வராயன். அம்பத்தூர் எஸ்டேட்டில், உருக்கிய இரும்பை அச்சில் ஊற்றி வார்க்கும் பட்டறையில் வேலை. டைபாய்டு என்று சேர்த்திருந்தார்கள். நேற்றுவரை கஞ்சி குடித்து, பிள்ளைகளை விசாரித்துக்கொண்டிருந்தவன், இன்று காலையிலிருந்து போர்வையைப் பிய்த்துக்கொண்டு கத்துகிறான்.

"ஊத்தாதே! அச்சு ஈரமா கீது, வெடிச்சிரும்! ஊத்தாதே!"

கையைப் பிடித்தால், "நீ யாரு?" என்கிறான். இத்தனை வருஷம் குடித்தனம் நடத்தியவளைப் பார்த்து நீ யாரு!

பக்கத்துக் கட்டில்காரர் உலகநாதன், ஆவடி குவார்ட்டர்ஸில் இருந்த பழைய டைப்பிஸ்ட். குறுக்கெழுத்துப் போட்டி போடுவதற்காக அட்டை கிழிந்த அகராதி ஒன்றைத் தலைமாட்டிலேயே வைத்திருந்தார். அவரிடம் போய் அந்தச் சொல்லைச் சொன்னாள். புரட்டிப் பார்த்து, தொண்டையைக் கனைத்தார்.

"தப்பா நினைக்காதேம்மா. பைத்தியம், சித்தப்பிரமைன்னு போட்டிருக்கு."

விஷயம் தெரிந்தவர் என்று பெயர் எடுத்துவிட்ட மனுஷனுக்கு, 'எதற்கும் டாக்டரையே கேள்' என்று சொல்ல மட்டும் வாய் வராது.

செங்கல்வராயனின் அண்ணன் துலுக்கானம் அதைக் கேட்டுக்கொண்டு நின்றான். முகம் சுண்டிப்போயிற்று.

"நைனாவுக்கு வந்ததேதான் இவனுக்கும் வந்துகீது. இங்க வச்சிகினு இன்னா பண்றது? கோயிலாண்ட இட்டுகினு பூடலாம். நான் போயி ஆட்டோ இட்டாறேன்."

அந்தக் கோயில் என்றால் ஒரு மரம், மரத்தைச் சுற்றிச் சங்கிலி. அவள் புதுப்பெண்ணாக வந்த வருஷம், மாமனாரை அங்கேதான் கட்டினார்கள். அவரும் இப்படித்தான், பெற்ற பிள்ளைகளையே மறந்து கண்டபடி உளறினார். துலுக்கானம்தான் முதுகில் தூக்கிக்கொண்டு போனான். திரும்பி வந்தது துணி சுற்றிய உடம்பு.

கெங்கம்மாள் வராந்தாவுக்கு ஓடினாள். மருந்துத் தட்டோடு வந்த கன்னியாஸ்திரி சிஸ்டரின் முன்னால் போய் நின்று, "என் ஊட்டுக்காரருக்குப் பயித்தியமா, சிஸ்டரம்மா?" என்று கேட்டு அழுதுவிட்டாள்.

சிஸ்டர் முழுக்கக் கேட்டுவிட்டுத் தட்டைக் கீழே வைத்தார். லத்தீன் ஜெபம் சொல்லி வளர்ந்தவர் அவர்.

"அகராதி பொய் சொல்லலம்மா. ஒரு காலத்துல அதுக்குப் பைத்தியம்னுதான் அர்த்தம். அதுக்கும் முன்னாடி, லத்தீன்ல, அது ஏர் ஓட்டுறவங்க வார்த்தை. லீரான்னா ஏர்ச்சால், கலப்பை கிழிக்கிற கோடு. ஏர் அந்தச் சால்லேருந்து விலகிப் போறதைத்தான் அப்படிச் சொன்னாங்க. அப்புறம் புத்தி விலகினவங்களுக்குச் சொன்னாங்க. இப்ப டாக்டர் சொல்றது காய்ச்சல் மூளையைக் கலக்குறதை. காய்ச்சல் இறங்கினா புத்தி திரும்பிடும்."

"கண்டிப்பா திரும்புமா?"

"பெரும்பாலும் திரும்பும். ஆனா ஊசி நிக்கக் கூடாது. அவரை இங்கேருந்து அசைக்கவே கூடாது."

பெரும்பாலும் என்ற சொல் அவளுக்கு டெலிரியத்தைவிடப் பயமாக இருந்தது. ஆனாலும் சால் அவளுக்குத் தெரியாததா? எஸ்டேட் வேலைக்குப் போகும்வரை அண்ணனும் தம்பியும் கள்ளிக்குப்பத்தில் கூலிக்கு ஏர் ஓட்டியவர்கள்தான். ஏருக்குப் பின்னாலேயே கடலை விதை போட்டுப் போனவள் அவள். மாடு சால் விலகாத நாளே கிடையாது.

துலுக்கானம் திரும்பி வந்தான். வாசலில் ஆட்டோ, கையில் கயிறு. கெங்கம்மாள் கட்டிலுக்குக் குறுக்கே நின்றாள்.

"கை வைக்காதே, மாமா. இது பயித்தியம் இல்ல, காச்சலு. சிஸ்டரம்மா சொல்லிச்சி. சால் தப்பிப் போயிகீறாரு, அவ்ளோதான். சால் தப்புன மாட்ட நீ இன்னா பண்ணுவ? திருப்பிச் சால்ல வுடுவியா, மரத்துல கட்டிச் சாவடிப்பியா?"

துலுக்கானம் தம்பியின் நெற்றியில் கையை வைத்தான். வைத்த வேகத்தில் எடுத்துக்கொண்டான்.

"நைனாவும் இப்டித்தான் கொதிச்சாரு," என்றான் மெதுவாக. "தூக்கிகினு போறப்போ எனக்கு முதுவே சுட்டுது."

அவளை ஏறிட்டுப் பார்த்தான். அந்தப் பெரிய முகத்தில் அப்படியொரு பயத்தை அவள் கண்டதில்லை.

"கெங்கம்மா, அப்போ நைனாவுக்கும் வெறும் காச்சல்தானா?"

அவளிடம் பதில் இருந்தது. தலையைக் குனிந்துகொண்டாள்.

கயிறு அவன் கையிலிருந்து நழுவிக் கீழே விழுந்தது. கட்டிலில் செங்கல்வராயன் மறுபடியும் துள்ளி, "ஊத்தாதே! அச்சு ஈரம்!" என்று அலறினான். துலுக்கானம் தரையில் உட்கார்ந்து, தம்பியின் கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டான்.

"ஊத்தலடா," என்றான். "யாரும் ஊத்தல. அண்ணன் இங்கதான் கீறேன்."