மஞ்சள் வஞ்சரம்

மீன் வெட்டுகிறவர் மீனை வெட்டிவிட்டுச் சும்மா இருந்தால் என்ன? ஜீனத்தின் புருஷன் கலீமுக்கு அது மட்டும் முடியாது. துபாயில் ஒரு பெரிய ஓட்டல் சமையல்கட்டில் இருபத்திரண்டு வருஷமாக மீன் வெட்டும் அந்த மனிதர், வெட்டிய மீனின் பேர், ஊர், வம்சம் அத்தனையையும் தினமும் போனில் பாலக்கரை வீட்டுக்கு அனுப்பிவைப்பார். மகளுக்குக் காய்ச்சல் என்றாலும் முதலில் அன்றைக்கு வந்த மீனைச் சொல்லிவிட்டுத்தான் காய்ச்சலுக்கு வருவார். வஞ்சரத்தை அரபிகள் கன்அத் என்பார்கள், களவாவை ஹமூர் என்பார்கள். யெல்லோடெயில் என்று ஒரு மீன் உண்டாம், நம் பாறை மீனுக்குச் சொந்தமாம், வால் மஞ்சளாக இருக்குமாம். அது வளர வளர ஜப்பான்காரர்கள் பேரை மாற்றி மாற்றி, ஒரே மீனுக்கு நாலு பேர் வைத்திருக்கிறார்களாம். பெற்ற பிள்ளைக்கு வைத்த ஒரு பேரையே முழுசாகக் கூப்பிட நேரமில்லை, மீனுக்கு நாலு பேர் ஒரு கேடா என்று ஜீனத் போனை வைத்துவிட்டுப் போய் அரிசி களைவாள்.

போனில் பேசுகிறவரைக்கும் பாதகமில்லை. லீவில் வரும்போதுதான் வம்பு. போன வருஷம் மகள் சம்ரீனுக்கு ஒரு நல்ல இடம் வந்தது. மாப்பிள்ளை வீட்டார் தில்லை நகரில் ஒரு ஓட்டலுக்குக் கூட்டிப்போய் விருந்து வைத்தார்கள். தட்டில் வந்த மீனைப் பார்த்ததும் கலீம், இது மெனுவில் போட்டிருக்கிற மீன் இல்லை, வளர்ப்புக் கெளுத்தியைத் தோலுரித்து ஏமாற்றுகிறார்கள் என்று ஆரம்பித்து, சமையல்காரரை மேசைக்கு வரவழைத்து, அரைமணி நேரம் பாடம் நடத்திவிட்டார். விருந்து வைத்தவர் முகம் செத்துப்போயிற்று. மறுவாரம் தரகர் வந்து, பெண்ணைப் பற்றி ஒன்றும் இல்லை, பெண்ணின் அத்தா கொஞ்சம் அதிகமாகப் பேசுகிறார் என்று சொல்லிவிட்டுப் போனார். நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். இந்த வீட்டில் நுணல் கத்தியது, கெட்டது மகளின் கல்யாணம்.

இந்த வருஷம் வந்த இடம் பெரிய கடைவீதியில் பெட்டிக்கடை இல்லை, நிஜமாகவே பெட்டிகள் விற்கும் கடை வைத்திருக்கும் தாஜுதீனின் வீடு. பையன் அப்ரார், அரியமங்கலத்தில் லேத் பட்டறை நடத்துகிறான். குணமான பையன். இரண்டு வீட்டுப் பெரியவர்களும் உட்கார்ந்திருக்க சம்ரீனும் அவனும் பத்து நிமிஷம் பேசினார்கள். அதற்கப்புறம் சம்ரீன் காரணமில்லாமல் பாட்டு முணுமுணுக்கிறாள். இதுவரை வந்த இடங்களை எல்லாம் உதட்டைப் பிதுக்கித் தள்ளிய பெண்ணுக்குப் பையனைப் பிடித்துவிட்டது. ஜீனத்துக்குப் பயமே அதுதான். பிடிக்காத இடம் தட்டிப்போனால் ஒரு வேளை வருத்தம். பிடித்த இடம் தட்டிப்போனால் மகளின் முகத்தைப் பார்க்க முடியாது. கலீமின் லீவில் இன்னும் ஒன்பது நாள்தான் பாக்கி.

பெண்ணை இறுதியாக முடிவு செய்ய ஞாயிற்றுக்கிழமை வருவதாகச் சொல்லிவிட்டார்கள். முந்தின நாள் பையனின் அம்மா ஜெஸிமா போன் செய்து தயங்கித் தயங்கி ஒரு விஷயம் சொன்னாள். அவள் வீட்டுக்காரர் கையோடு மீன் வாங்கி வருவாராம். அதைச் சம்ரீன்தான் பொரிக்க வேண்டுமாம். மீன் பொரிக்கிற கையைப் பார்த்தால் பெண்ணின் பொறுமை, நிதானம், குடும்பம் நடத்தும் லட்சணம் எல்லாம் தெரிந்துவிடும் என்பது அவர் கட்சி. அதிலும் வஞ்சரம்தான் வாங்குவாராம். வஞ்சரம் தானாகப் பொரியும், அதையே கெடுக்கிற கை எதையும் கெடுக்கும் என்பாராம். ஜீனத் சிரித்துவிட்டாள். ஜெஸிமா சிரிக்கவில்லை.

"சிரிக்காதீங்க. இதுக்கு முன்னாடி ரெண்டு புள்ளைங்களை இந்த மீன்லதான் வேணாம்னுட்டாங்க. ரெண்டும் தங்கமான புள்ளைங்க."

போனை வைத்ததும் ஜீனத் புருஷனைக் கூப்பிட்டு முன்னால் நிறுத்தினாள். நாளைக்கு மீன் என்ற ஒரு சொல் அவர் வாயிலிருந்து வரக்கூடாது. பேர் சொல்லக்கூடாது, ஊர் சொல்லக்கூடாது, ஜப்பானை இந்தப் பக்கமே கொண்டுவரக்கூடாது. கலீம் முதலில் முறுக்கிக்கொண்டார், பிறகு மகளின் முகத்தைப் பார்த்துவிட்டு அல்லாஹ் மேல் ஆணையிட்டார்.

ஞாயிற்றுக்கிழமை பதினோரு மணிக்கு ஆட்டோவிலிருந்து தாஜுதீன் ஒரு பையோடு இறங்கினார். பின்னால் ஜெஸிமா, பூவும் பழமுமாக. தாஜுதீன் ஹாலில் உட்கார்ந்து மூச்சுவிடும் முன்பே மீனின் பெருமையை ஆரம்பித்துவிட்டார். முப்பத்திரண்டு வருஷமாக ஒரே கடை. அப்பன் விற்றான், இப்போது மகன் விற்கிறான். ஊரில் எல்லாரும் தின்பது வெறும் வஞ்சரமாம். இது மஞ்சள் வஞ்சரமாம். தரம் தெரிந்த வாடிக்கைக்கு மட்டும் உள்ளே எடுத்து வைத்திருந்து கொடுப்பானாம். ஓட்டலில் போடும் மீனை அவர் கையால் கூடத் தொடமாட்டாராம். கலீமின் கண் பையிலேயே இருந்தது. ஜீனத் பையை வாங்கிக்கொண்டு உள்ளே போனாள். தண்ணீர் எடுக்கிற சாக்கில் கலீமும் பின்னாலேயே வந்தார்.

கடையிலேயே மெல்லிசு மெல்லிசாகத் துண்டு போட்டுத் தலையைத் தனியாக வைத்திருந்தார்கள். கலீம் குனிந்து பார்த்தார். தலையின் வாயைத் திறந்து விரலால் தடவினார். அவர் முகம் போன போக்கைப் பார்த்ததும் ஜீனத் ஹாலுக்கும் அடுப்படிக்கும் நடுவில் இருந்த திரைச்சீலையை இழுத்துவிட்டாள்.

"எனக்கு எதுவும் சொல்லாதீங்க" என்றாள்.

"இது வஞ்சரம் இல்ல, ஜீனத்து."

"சொல்லாதீங்கன்னேன்."

அவர் சொன்னார். கிசுகிசுப்பாகச் சொன்னார், ஆனால் முழுசாகச் சொன்னார். வஞ்சரத்துக்குப் பல் கத்தி போல இருக்கும், இதற்கு விரல் வைத்துத் தேட வேண்டியிருக்கிறது. தோலில் தலையிலிருந்து வால் வரை மஞ்சள் கோடு ஓடுகிறது. சதைக்கு நடுவில் கறுஞ்சிவப்பாகப் பட்டை. இது பாறை சாதி, யெல்லோடெயிலுக்குச் சித்தப்பா மகன் முறை. மட்டமான மீன் இல்லை, கனமாகத் துண்டு போட்டுக் குழம்பு வைத்தால் அருமையாக இருக்கும். இப்படிச் சீவி எடுத்து மொறுமொறுவென்று பொரித்தால் விறகுதான்.

ஜீனத்துக்கு வந்த கோபத்தில் யாரை முதலில் திட்டுவது என்றே தெரியவில்லை. மீன்காரனையா, அவனை முப்பத்திரண்டு வருஷம் நம்பிய பெரிய மனிதரையா, தெரியாமல் இருந்திருந்தால் நிம்மதியாக இருந்திருக்கக்கூடியதைத் தெரியப்படுத்திய புருஷனையா? சொன்னால் சம்பந்தி ஆகப்போகிறவரின் மூக்கை அவர் கொண்டுவந்த மீனாலேயே அறுத்ததாகும், இடம் போய்விடும். சொல்லாவிட்டால் சம்ரீனின் கை மேல் பழி விழும், அப்போதும் இடம் போய்விடும். ஆயிரம் பொய் சொல்லி ஒரு கல்யாணம் பண்ணச் சொன்னவர்கள், பொய்யே மீனாக வந்து இறங்கினால் என்ன செய்வது என்று சொல்லிவைக்கவில்லை.

கடைசியில் அவள், பொரிக்க என்னதான் வழி என்று பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டாள். கலீம் சொன்னார். தோசைக்கல் நன்றாகக் காயட்டும். இரண்டு பக்கமும் சட்டென்று ஒரு புரட்டு, உடனே எடுத்துவிட வேண்டும். ஒரு நிமிஷம் கூடினாலும் போச்சு. சொல்லிவிட்டுத் தண்ணீர்ச் செம்போடு ஹாலுக்குப் போய், தாஜுதீனுக்கு எதிரே வாயைக் கோந்து போட்டு ஒட்டியதுபோல் உட்கார்ந்துகொண்டார்.

சம்ரீன் மசாலா தடவி, அத்தா சொன்னபடியே பொரித்தாள். ஜெஸிமா பக்கத்தில் ஒரு ஸ்டூலில் உட்கார்ந்து கல்லையே பார்த்துக்கொண்டிருந்தாள். முதல் தட்டு பார்க்கவே அழகாக வந்தது. ஜீனத் ஓரத்தில் ஒரு துணுக்கைக் கிள்ளிப் போட்டுப் பார்த்தாள். பூப்போல இருந்தது. அல்ஹம்துலில்லாஹ் என்று திரைச்சீலையை விலக்கித் தட்டை ஹாலுக்குக் கொடுத்தாள்.

தாஜுதீன் வாயில் வைக்கவே இல்லை. விரலால் அழுத்திப் பார்த்தார். வஞ்சரம் என்றால் பல்லில் சத்தம் வர வேண்டும், இது இன்னும் வேகவில்லை என்று தட்டைத் திருப்பி அனுப்பினார். சம்ரீன் மறுபடியும் கல்லில் போட்டாள். மறுபடியும் அவர் அழுத்திப் பார்த்தார், மறுபடியும் திருப்பி அனுப்பினார். மூன்றாம் தடவை தட்டு போனபோது துண்டுகள் ஓரம் சுருண்டு கறுத்திருந்தன. அப்போதுதான் அவருக்குத் திருப்தியாக இருந்தது. ஒரு துண்டைப் பிட்டு வாயில் போட்டார். மென்றார். மென்றுகொண்டே இருந்தார். தண்ணீர் குடித்து விழுங்கினார்.

"மீன்ல குறையே சொல்ல முடியாது, கலீம் பாய்" என்றார். "முதல் தரம். கைதான் சரியில்ல. எங்க வீட்லயும் அதே கதைதான். முப்பத்திரண்டு வருஷமா வாங்கிக் கொடுக்கிறேன், ஒரு நாளாவது வாயில வைக்கிற மாதிரி பொரிச்சிருப்பாளா? வர்றவளாவது சரியா வரணும்னுதான் பாக்குறேன். மனசுல வச்சுக்காதீங்க. அல்லாஹ் நாடலன்னு நெனைச்சுக்குவோம்."

சொல்லிவிட்டுக் கை கழுவ எழுந்தார். அவ்வளவுதான் முடிவு. உள்ளே சம்ரீன் அடுப்பை அணைத்தாள். கரண்டியைக் கீழே வைத்தாள். அழவில்லை. அழுதிருந்தால்கூட ஜீனத் தாங்கியிருப்பாள்.

ஜீனத் திரைச்சீலை இடுக்கு வழியாகப் புருஷனைப் பார்த்தாள். பேசக்கூடாத இடத்தில் எல்லாம் பேசிய மனிதர், ஊரான் வீட்டு விருந்தில் சமையல்காரரை வரவழைத்துப் பேசிய மனிதர், பெற்ற மகளின் கையைக் குறை சொல்லும்போது தலையைக் குனிந்துகொண்டு உட்கார்ந்திருந்தார். நெற்றியில் வேர்த்து ஓடியது. ஆணையைக் காப்பாற்றுகிறாராம். இருபத்திரண்டு வருஷத்தில் இன்றைக்குத்தானா இந்த மனிதருக்கு அடக்கம் வர வேண்டும்? ஜீனத்துக்குப் பற்றிக்கொண்டு வந்தது. முக்காட்டை இழுத்துவிட்டுத் திரைச்சீலையைத் தள்ளிக்கொண்டு ஹாலுக்கு நடுவில் போய் நின்றாள்.

"அண்ணே, அது வஞ்சரமே இல்ல."

தாஜுதீன் ஈரக் கையோடு திரும்பினார். ஒரு நொடி ஒன்றும் புரியாமல் பார்த்தார், பிறகு சிரித்தார். ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம் என்று கலீமைப் பார்த்துச் சொன்னார்.

"கூடம் கோணல்தான் அண்ணே" என்றாள் ஜீனத். "முப்பத்திரண்டு வருஷமா கோணல். எம்பொண்ணு வேணாம்னா வேணாம்னு சொல்லிட்டுப் போங்க. அவ கைய மட்டும் சொல்லாதீங்க. இவங்களுக்கு மீன் தெரியும். நான்தான் பேசக்கூடாதுன்னு வாயக் கட்டி வச்சிருக்கேன். இப்ப சொல்லுங்க நீங்க."

கலீம் சொன்னார். வழக்கம்போல் துபாயிலிருந்து ஆரம்பிக்கவில்லை. மீன் தலையை ஒரு தட்டில் வைத்து எடுத்துவந்து, தாஜுதீனின் விரலைப் பிடித்து அதன் வாய்க்குள் வைத்தார். பல் எங்கே இருக்கிறது, நீங்களே தேடிப் பாருங்கள் என்றார். தோலின் மஞ்சள் கோட்டைக் காட்டினார். அந்தக் கோடு வஞ்சரத்துக்குக் கிடையாது, மஞ்சள் வஞ்சரம் என்று ஒரு மீன் எந்தக் கடலிலும் கிடையாது என்றார். தாஜுதீன் ஏதோ சொல்ல வாயெடுத்தார். கடைக்காரனின் பேரை மெதுவாகச் சொன்னார், அவனுடைய அப்பாவின் பேரையும் சொன்னார். பிறகு விரலைத் துடைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார்.

"அப்ப வஞ்சரம் எப்படித்தான் பாய் இருக்கும்?" என்று கேட்டார். கேட்ட விதத்தைப் பார்த்து, அந்த நேரத்திலும் ஜீனத்துக்குப் பாவமாகத்தான் இருந்தது.

கலீம் பதில் சொல்லும் முன் ஜெஸிமா உள்ளேயிருந்து வந்தாள். ஆண்கள் இருக்கிற ஹாலுக்கு வரலாமா என்றுகூட அவள் யோசித்ததாகத் தெரியவில்லை. தட்டில் மிச்சமிருந்த கருகின துண்டில் ஒன்றை எடுத்து, நின்றபடியே வாயில் போட்டு மென்றாள். மூன்று பேரும் அவள் மெல்வதையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"கலீம் அண்ணே, இந்த மீனை எப்படிப் பொரிச்சாலும் இப்படித்தான் வருமா?"

"இவ்வளவு மெல்லிசா வெட்டி, இவ்வளவு நேரம் கல்லுல போட்டா யாரு பொரிச்சாலும் இப்படித்தான்மா வரும்" என்றார் கலீம். "எங்க ஓட்டல் பெரிய குக்கு பொரிச்சாலும் இப்படித்தான்."

ஜெஸிமா தலையாட்டினாள். புருஷன் பக்கம் திரும்பவே இல்லை. ஜீனத்திடம் கொஞ்சம் சீனி கொண்டுவரச் சொன்னாள். பெண் முடிவானால்தான் மாப்பிள்ளை வீட்டார் பெண்ணின் வாயில் சீனி போடுவார்கள். ஜீனத் சீனி டப்பாவை மூடியோடு தூக்கிக்கொண்டு ஓடிவந்தாள். ஜெஸிமா உள்ளே போய், அடுப்படியில் சுவரோரமாக நின்ற சம்ரீனின் தாடையைப் பிடித்து நிமிர்த்தி, ஒரு சிட்டிகைச் சீனியை வாயில் போட்டாள். அவள் விரலில் மீன் மசாலாவின் சிவப்பு இன்னும் இருந்தது.

"உன் கையில ஒரு குறையும் இல்லம்மா" என்றாள். பிறகு அதே விரலை, இப்போதுதான் முதல் தடவையாகப் பார்ப்பவள்போல் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"என் கையிலயும் இல்ல."