நாலு விரற்கடைக்கு அப்பால்

கால் கட்டைவிரல்கள் இரண்டையும் சேர்த்துக் கட்ட நாடா கேட்டார்கள். வேதா பழைய வேட்டி ஒன்றின் கரையைக் கிழித்துக் கொடுத்தாள். கிழிகிற சத்தம் காதில் விழுந்தது. வேறெதுவும் விழவில்லை.

அவள் கணவர் ஜெகநாதன் கூடத்தில் கிடந்தார். காலையில் பால் பாக்கெட்டை எடுக்கக் குனிந்தவர், நெஞ்சைப் பிடித்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்துவிட்டார். அவ்வளவுதான். லாலாகுடா ரயில்வே குவார்ட்டர்ஸே வந்து அழுதது. அவளுக்கு மட்டும் வரவில்லை. ஊறப்போட்ட உளுந்தை யாராவது ஆட்டிவிட்டால் தேவலை என்று நினைத்துக்கொண்டிருந்தாள்.

"வேதா, துணிய எடுத்துனு வாடி," என்றாள் ஜெகநாதனின் அக்கா ராஜம். "ஒடம்பு வாசப்படி தாண்டறதுக்குள்ள கையேத்துக்கணும். இதையும் நானே சொல்லணுமா?"

உங்கள் வீட்டுப் பெட்டியிலும் இருக்கிற துணிதான் கண்ணுகளா, வேப்பிலை போட்டு மடித்து வைத்திருப்பீர்களே, அது. ஆளுக்கொரு பட்டை, நெய்திருப்பது அவரவர் கதை. சும்மா விட்டால் நூல் தளரும். அதனால் யாராவது ஒருவர் விரலை ஓட்டிக்கொண்டே கதையைச் சொல்ல வேண்டும், பக்கத்தில் ஒருவர் 'ம்' கொட்ட வேண்டும். 'ம்' விழ விழ நூல் இறுகும். இற்றுப்போன இடத்தில், கதைக்குரியவர் உடுத்திய துணியிலிருந்து நூல் உருவி ஒட்டுப்போட வேண்டும். உதிர்ந்துவிட்டதோ, போனது போனதுதான். அப்படி ஒன்று நடந்ததாகவே யாருக்கும் ஞாபகம் இருக்காது, பெற்றவளுக்கும்கூட. பராமரித்தவர் செத்துப்போனால், அவர் உடம்பு வீட்டை விட்டுப் போவதற்குள் இன்னொருவர் கதையைச் சொல்லித் தன் கைக்கு வாங்கிக்கொள்ள வேண்டும்.

ஜெகநாதனின் பட்டையை மகன் உமேஷ் வாங்கிக்கொண்டாயிற்று. மிச்சம் ஸ்ரீலேகாவுடையது.

லேகா, உமேஷுக்கு முன்னால் பிறந்தவள். மூன்று வயதில் காய்ச்சலில் போய்விட்டாள். நாலு விரற்கடைதான் அவள் கதை. ஞாயிற்றுக்கிழமைகளில் ஜெகநாதன் அதை மடியில் போட்டுக்கொண்டு முணுமுணுப்பார். 'ம்' என்று அவரே சொல்லிக்கொள்வார். வேதா அந்த நேரம் பார்த்து மார்க்கெட்டுக்குக் கிளம்பிவிடுவாள்.

இப்போதும் சொல்லாமல் விட்டுவிடலாம். பிறந்ததும் இருக்காது, போனதும் இருக்காது. அதுவும் ஒரு நிம்மதிதானே என்று தோன்றியது. வேறு யாருக்கோ தோன்றியது போல இருந்தது.

பட்டையைப் பிரித்தாள். நாலு விரற்கடையோடு நிற்கவில்லை. அவிழ்ந்து மடி தாண்டித் தரையில் விழுந்தது. ஒரு முழத்துக்கு மேலேயே இருக்கும். நீலம், பழுப்பு, சாயம் போன மஞ்சள், முரட்டு நூல்.

ராஜம் முகர்ந்து பார்த்தாள். "என்னடி இது, கிரீஸ் நாத்தம் அடிக்குது?"

ஜெகநாதனோடு ஒர்க்‌ஷாப்பில் வேலை பார்த்த சூசைராஜ் தலையைச் சொறிந்தார். "அது காட்டன் வேஸ்ட்டு அக்கா. மெசின் தொடைக்கக் குடுப்பாங்களே, கழிசல் நூலு, அது. பாப்பாவுக்கு இருந்ததே மூணு கவுனு. ஒட்டுப்போட்டு ஒட்டுப்போட்டு எல்லாம் தீந்துபோச்சு. வேற நூலுக்கு எங்கடா போவேன்னு சொல்லி டிபன் டப்பாவுல போட்டு எடுத்துனு வருவான்."

"அறிவிருக்கா அவனுக்கு? எந்த ஊரு பீத்தல் துணியோ, யார் பெத்த புள்ள போட்டுக் கிழிச்சதோ! நூலோட அதுங்க கதையும்தானே வந்து ஏறும்?"

ஏறித்தான் இருந்தது. வேதா விரலை ஓட்டினாள். சைக்கிளிலிருந்து விழுந்து முழங்கால் சிராய்த்த ஒரு பெண் இருந்தாள். பள்ளிக்கூடத்தில் கொடியேற்றும்போது மயங்கி விழுந்த ஒருத்தி இருந்தாள். மாதுளை என்றால் வாயே திறக்காத ஒருத்தி. எல்லோரையும் சேர்த்துத்தான் அவர் லேகா என்று முணுமுணுத்திருக்கிறார்.

"சொல்றதக் கேளு," ராஜம் குரலைத் தாழ்த்தினாள். "நம்ம புள்ளயோடத மட்டும் சொல்லி மடிச்சிடு. மத்தது தானா உதுந்துடும். பொய்ய சொமந்துனு இருந்தா நெசமும் இத்துப்போவும்."

"இப்ப எதுக்கு சண்டை அத்தை? வண்டி வந்துடுச்சு," என்றான் உமேஷ்.

வேதா சொல்லத் தொடங்கினாள். "பொறந்தப்ப நல்ல மழை."

"ம்," என்றாள் ராஜம்.

"தொட்டில் கட்டக் கொக்கி இல்ல. இவருதான் ஒர்க்‌ஷாப்புல வளையம் அடிச்சு எடுத்துட்டு வந்தாரு."

"ம்."

"சோத்துல நெய் விட்டா துப்பிடுவா. சைரன் ஊதினா வாசல்ல போய் நின்னுக்குவா."

"ம்." நூல் இறுகிக்கொண்டே வந்தது.

"மூணு வயசுல காய்ச்சல் வந்துது. ஆட்டோவுல தூக்கிப் போட்டுக்கிட்டு ஓடினோம்."

"ம்."

லேகாவின் கவுன் நூல் அந்த இடத்தில் முடிந்தது. இங்கே மடித்துவிட்டால் மிச்சம் உதிரும். இத்தனை ஞாயிற்றுக்கிழமைகளாக அவர் தனியாக உட்கார்ந்து வளர்த்தது எதுவும் யாருக்கும் இருக்காது. ராஜம் மடிப்பதற்குக் கையை நீட்டினாள்.

"ஆட்டோவுலயே காய்ச்சல் விட்டுடுச்சு," என்றாள் வேதா.

'ம்' வரவில்லை. ராஜம் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"அப்பறம் ஸ்கூல்ல சேத்தோம்."

'ம்' விழாமல் விரலுக்கடியில் நூல் வழுக்கியது.

"சைக்கிள் வேணும்னு அடம் புடிச்சா."

"ஹவ்," என்றான் உமேஷ். இந்த ஊர்ப் பேச்சில் அதுதான் 'ம்'. அக்காவைப் பார்த்தே இராதவன் அம்மாவின் பக்கத்தில் வந்து சம்மணம் போட்டு உட்கார்ந்தான். "என்ன கலர்மா?"

வேதா யோசித்தாள். "செவப்பு. சீட்டு ஒசரமா இருக்குதுன்னு அழுதா. ஒங்கப்பாதான் எறக்கிக் குடுத்தாரு."

அது நூலில் இல்லை.

"ஹவ்," என்றான் உமேஷ்.

வாசலில், கிளம்புவதற்காகச் செருப்பை மாட்டிக்கொண்டு நின்றவர்கள் ஒவ்வொருவராகக் கழற்றிவிட்டு 'ம்' கொட்ட உள்ளே வந்து உட்கார்ந்தார்கள்.