இடைவேளை முகம்

அந்த மலையாளப் படம் இணையத்துக்கு வந்த நாளிலிருந்து, அதில் நர்ஸாக ஒரே காட்சியில் வந்த துணை நடிகை, உலகில் யார் படத்தை அவள் முகத்தில் நிறுத்தினாலும் இருந்த இடத்திலேயே அசையாமல் நின்றுபோனாள். மூச்சு ஓடியது, கையிலிருந்த கரண்டி ஓடவில்லை. அவர்கள் மறுபடி படத்தை ஓடவிட்டதும் குழம்பைக் கிளறினாள்.

தியேட்டரில் ஒரு வாரம்கூடத் தாங்காத படம் இணையத்தில் சக்கைப்போடு போட்டது. மலையாளத்தில் ஒரு வார்த்தை தெரியாதவர்களும் அடியில் ஓடும் எழுத்தைப் படித்தபடி, ஏதேதோ தேசங்களில் போர்வைக்குள் உட்கார்ந்து பார்த்தார்கள். இடைவேளைக்கு முந்தைய கடைசி ஷாட் இவளுடையது. கதவைத் திறந்து, கட்டிலில் நோயாளி இல்லாததைக் கண்டு திகைப்பாள். தியேட்டரில் விளக்கு எரியும் இடம் அது. வீட்டில் அவரவரே நிறுத்திவிட்டு அடுப்படிக்கோ கழிப்பறைக்கோ போனார்கள். உலகத்துக்கே அவசரம் வந்தால் ஒருத்தி என்னதான் செய்வாள்? காரணம் தெரிந்ததே வெளிநாட்டு நாத்தனாரால்தான். "உங்க முகம் வந்ததும் நிறுத்திட்டுச் சாப்பிடப் போனோம், அண்ணி" என்று அவள் போனில் பெருமையாகச் சொன்னாள். அவர்கள் நிறுத்திய அதே நேரத்தில்தான் இவள் ஈரத் துணியும் கையுமாக மாடியில் அசையாமல் நின்றிருந்தாள்.

தையல்கடைக்காரரான கணவர், கடைப் பொம்மையைத் தூக்கிப் பழகியவர் என்பதால், நடுவழியில் நின்றவளைப் பக்குவமாக ஓரத்தில் நகர்த்தி வைப்பார். படப்பிடிப்பில் அந்தப் பொறுமை யாருக்கும் இல்லை. வாய்ப்புக் கொடுத்தவர்கள் ஒவ்வொருவராகக் கழற்றிவிட்டார்கள். படத்தை வெளியிட்ட நிறுவனம் இரக்கப்பட்டு, அந்த ஷாட்டை வெட்டிவிடுவதாகச் சொன்னது. கணவரும் கெஞ்சினார். கூட்டத்தில் முதுகு காட்டியே வருடங்களைக் கழித்தவளுக்குக் கிடைத்த முதல் குளோசப் அது. அதையும் விட மாட்டேன், நடிப்பையும் விட மாட்டேன் என்றாள்.

அந்த மலையாளப் படத்தை எடுத்த இயக்குநரின் அலுவலகத்துக்கு இரண்டு வருடம் நடையாய் நடந்தாள். புதுப் படத்தில், மகன் இறந்த செய்தி கேட்கும் தாய் வேடம் இருந்தது. முழுக் காட்சியும் ஒரே ஷாட். அவர் தயங்கினார்.

"நின்னா நின்னுட்டுப் போறேன் சார். நீங்க கேமராவ நிறுத்தாதீங்க, அது போதும்."

படப்பிடிப்பு நாளில், காட்சிப்படி செய்தி வந்தது. கையில் டம்ளரோடு நின்றுபோனாள். உதவி இயக்குநர் 'கட்' சொல்ல வாயெடுத்தார், இயக்குநர் கையமர்த்தினார். எங்கோ ஒரு குடும்பம் சாவகாசமாகச் சாப்பிட்டு முடிக்கும்வரை கேமரா ஓடியது. ஜன்னல் திரை ஆடியது. அவள் கன்னத்தில் கண்ணீர் மட்டும் இறங்கியது. பிறகு டம்ளரைக் கீழே வைத்துவிட்டுத் தன் வசனத்தைச் சொன்னாள். லைட்மேன்கள் அழுததை அவர்களே ஒப்புக்கொண்டார்கள்.

படம் வெளியானபோது உலகெங்கும் அந்த இடத்தில் நெட் போய்விட்டது என்றுதான் நினைத்தார்கள். திரைச்சீலை ஆடுவதைப் பார்த்த பிறகு அடங்கி உட்கார்ந்தார்கள். அங்கே யாரும் படத்தை நிறுத்தவில்லை.

அடுத்த மாதம் கதை சொல்ல வந்த வேறொரு இயக்குநர், அவள் கதவைப் பாதி திறந்தபடி நிற்பதைக் கண்டார். கணவர் நாற்காலி கொண்டுவந்து போட்டார். வந்தவர் உட்கார்ந்து காத்திருந்தார்.