கூப்பிட்டால் வரும் கோப்புகள்

ஆயுத பூஜைக்கு எல்லோரும் கருவிகளைத் துடைத்துப் பொட்டு வைப்பார்கள். தாராவியில் எம்பிராய்டரிப் பட்டறை வைத்திருக்கும் சுடலைக்கண்ணன் அதோடு நிற்கிற ஆள் இல்லை. மெஷினைத் துடைத்தார், கம்ப்யூட்டரைத் துடைத்தார், பிறகு கம்ப்யூட்டருக்குள்ளேயும் புகுந்தார். மெஷினுக்கு செட்டிங் கொடுக்கிற புரோகிராமின் ஃபோல்டரில் டிஎல்எல் என்று வால் முளைத்த கோப்புகள் ஏராளமாகக் கிடந்தன. ஒவ்வொன்றையும் தட்டிப் பார்த்தார். ஒன்றும் திறக்கவில்லை. தட்டினால் திறக்காதது குப்பை என்று தாமே ஒரு சட்டம் போட்டு அத்தனையையும் அழித்தார். ரீசைக்கிள் பின்னையும் காலி செய்துவிட்டுத்தான் சந்தனம் வைத்தார். எதையும் அரைகுறையாகச் செய்வது அவருக்குப் பிடிக்காது.

மறுநாள் விஜயதசமி. மனைவி ஷாலினி காலையிலேயே வேலைக்கு உட்கார்ந்தாள். சாயங்காலம் செம்பூர் டான்ஸ் டீச்சர் வருகிறார். மாதிரி ரவிக்கை பிடித்துப்போனால் வகுப்புக்கே ஆர்டர். ஷாலினி தானே அலைந்து பிடித்த முதல் ஆர்டர் அது. செட்டிங் புரோகிராமைத் திறந்தாள். ஒரு டிஎல்எல் கோப்பைக் காணவில்லை என்று சொல்லி அது மூடிக்கொண்டது.

"நேத்து இதுல என்னத்தத் தொட்டிய?"

"சும்மா கெடந்த கச்ராவ, குப்பையத்தான் எடுத்தேன்," என்றார்.

அடுத்த சந்தில் இதே மெஷின் வைத்திருக்கும் நசீரிடம் ஓடி, அந்தக் கோப்பைப் பென்டிரைவில் வாங்கி வந்து போட்டார். புரோகிராம் வேறொன்றைக் கேட்டது. மறுபடி ஓடினார். அது இன்னொன்றைக் கேட்டது. அடுத்த முறை நசீர் கும்பிடாத குறையாகச் சொன்னான்.

"அண்ணே, அது தானாத் தெறக்காது. ஒவ்வொண்ணுக்கும் ஒரு வேலை தெரியும், புரோகிராம் கூப்புட்டா வந்து செஞ்சு குடுக்கும். நீங்க மொத்தத்தையும் வெளிய அனுப்பிட்டிய. கம்பெனி சிடியப் போட்டுப் புதுசா ஏத்துங்க."

திரும்பி வந்து இதை ஷாலினியிடம் அப்படியே ஒப்பித்தார். ஒப்பிக்கும்போதே உறைத்தது. தானாக ஒன்றும் செய்யாததையெல்லாம் குப்பை என்று அள்ளினால், இந்த வீட்டில் முதலில் போயிருக்க வேண்டியவர் அவர்தான்.

சிடியைத் தேட வேண்டியிருக்கவில்லை. பளபளவென்று இருக்கிறதே என்று, புறாவை விரட்ட அவர்தான் அதை நூலில் கட்டி ஜன்னலில் தொங்கவிட்டிருந்தார். ஷாலினி ஸ்டூலில் ஏறி அறுத்து எடுத்தாள். எச்சத்தைக் கழுவி, முந்தானையால் துடைத்துப் போட்டாள். டிரைவ் நெடுநேரம் முனகியது. அவள் கடிகாரத்தையும் வாசலையும் மாறி மாறிப் பார்ப்பதைக் கண்டபோதுதான் அவருக்கு உண்மையிலேயே வெட்கமாக இருந்தது.

ஒருவழியாக ஏறிவிட்டது. ஊசி ஓடத் தொடங்கியதும் அவள் சிடியை பீரோவில் வைத்துப் பூட்டினாள். காலி ஜன்னலுக்கு உடனே புறாக்கள் வந்துவிட்டன. கீழேதான் பட்டுத் துணி விரித்திருந்தது.

"நான் என்ன செய்யட்டும்?"

அவள் ஜன்னலைக் காட்டினாள். "அங்கன போயி நில்லுங்க."

நின்றார். டீச்சர் வந்து ரவிக்கையைத் தடவிப் பார்த்தார், மொத்த வகுப்புக்கும் ஆர்டர் கொடுத்தார். கிளம்பும்போது, ஜன்னலோரம் துண்டை வீசிக்கொண்டிருந்தவரைப் பார்த்து, "இவர் யாரு, இங்க வேலை செய்யறாரா?" என்று கேட்டார்.

"எங்க வீட்டுக்காரவ," என்றாள் ஷாலினி. "கூப்புட்டா வருவாவ."