தையல்காரர் விழுங்கிய பேச்சு

அந்த உலகத்தில் தினமும் மதியச் சாப்பாடு முடிந்ததும் காலம் கொஞ்ச நேரம் பின்னால் ஓடிவிட்டு, பிறகு ஒழுங்காக முன்னால் நடக்கும். நடந்ததெல்லாம் இல்லாமல் போகும். ஞாபகம் மட்டும் போகாது. போட்ட தையல் பிரிந்துகொள்ளும் என்பதால், தையல்காரர் அதற்கு முன்பே கடையைச் சாத்திவிட்டு வீட்டுக்கு வந்துவிடுவார்.

அன்று அவர் காலித் தட்டின் முன் உட்கார்ந்திருந்தபோது, மனைவி முதன்முதலாகத் தானே தைத்த சட்டையைப் போட்டுக்கொண்டு வந்து நின்றாள்.

“எப்படிங்க இருக்கு?”

ஊரார் சட்டைக்கெல்லாம் பொத்தான் வைக்கிறவருக்குத் தன் வாய்க்கு ஒன்று வைக்கத் தெரியவில்லை. “எந்தத் தலையணைக்குத் தச்ச உறை இது?” என்று கேட்டுவிட்டார்.

அவள் முகத்தை உம்மென்று வைத்துக்கொண்டு பரிமாறினாள். அவர் அலட்டிக்கொள்ளவில்லை. காலம் திரும்பினால் எல்லாம் சரியாகிவிடும் என்று வயிறு முட்டச் சாப்பிட்டார்.

காலம் திரும்பியது. தின்றதெல்லாம் கவளம் கவளமாக வாயிலிருந்து தட்டுக்கும், தட்டிலிருந்து சட்டிக்கும் போனது. கடைசியில் அந்தத் தலையணைப் பேச்சும் அவர் வாய்க்குள் புகுந்தது. நிம்மதியாக விழுங்கினார்.

காலம் மறுபடி முன்னால் நடக்கத் தொடங்கியதும் பல்லெல்லாம் தெரியச் சிரித்தார். “அடடா, சட்டை என்ன கச்சிதம்!”

மனைவி சட்டியைத் தூக்கிக்கொண்டு உள்ளே நடந்தாள்.

“ஏம்மா, சாப்பாடு?”

“நான் கேட்டது இன்னும் என் காதுலதான் இருக்கு. சொன்னதுதானே உங்க வாய்க்குள்ள போச்சு? அதைத் தின்னு பசியாறுங்க.”